சுணை இல்லாத பழம்

இந்தக் கட்டுரையை இரண்டாவது தடவையாக எழுதுகிறேன். முதல் தடவை எழுதியதில் ஒரு வரி பொய். அதைக் கிழித்துப் போட்டுவிட்டு உட்கார்ந்திருக்கிறேன்.

எழுதச் சொன்னவள் தர்ஷினி. நான் தாதியாக இருந்த வார்டில் எனக்குக் கீழே வேலை செய்த பிள்ளை, இப்போது அந்த வார்டுக்கே பொறுப்பு. ஆஸ்பத்திரிக்குப் புதுப் படிவம் வந்திருக்கிறதாம். எந்தச் சாப்பாடு, எந்த மருந்து நோயாளிக்கு ஒத்துக்கொள்ளாது என்று எழுதுவதற்குத் தனியாக ஒரு பக்கமே இருக்கிறதாம். பயிற்சிக்கு வருகிறவர்கள் அந்தப் பக்கத்தில் ஒரு கோடு இழுத்துவிட்டுப் போய்விடுகிறார்களாம்.

"மிஸி, நீங்கள் அந்தப் பழக் கேஸை எழுதித் தாங்கோ. நான் பிள்ளையளுக்கு வாசிச்சுக் காட்டுறன். ஒரு கோடு எவ்வளவு செய்யும் எண்டு அவைக்கு விளங்கவேணும்" என்றாள்.

அவள் கேட்ட அதே கிழமையில் மன்னார் டவுனில் ஒரு பழக்கடையில் இரண்டு பழங்களையும் பக்கத்துப் பக்கத்துப் பெட்டிகளில் கண்டேன். ஒன்று பீச். மேலெல்லாம் மெல்லிய வெள்ளைச் சுணை, தடவினால் பூனைக்குட்டியின் காது போல இருக்கும். மற்றது நெக்டரின். அதே மஞ்சள், அதே சிவப்பு, ஆனால் தோல் வழுவழுப்பு. கடைக்காரத் தம்பியிடம் இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்று கேட்டேன். "அது வேற பழம், இது வேற பழம் அன்ரி" என்றான். பிளாஸ்டிக் பையைக் கீழே வைத்துவிட்டு அவனுக்குப் பத்து நிமிடம் விளக்கம் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, "எத்தினை கிலோ போட?" என்றான்.

பயம் எனக்குப் பிறவிக்குணம். வீட்டை விட்டு இறங்கினால் காஸைப் பூட்டினேனா என்று பார்க்க இரண்டு தடவையாவது திரும்பி வருவேன். என் கணவர் இருந்த காலத்தில் கோயிலுக்குப் போவதென்றால் அரை மணி முன்பே என்னைப் படலைக்கு வெளியே இறக்கிவிடுவார். நான் திரும்பி ஓடுவதற்கு அவர் ஒதுக்கிய நேரம் அது. யாழ்ப்பாணத்தில் மூன்று வருடம் பயிற்சி எடுத்தபோதும் மற்றவர்கள் நோயாளியைப் பார்த்துப் பயந்தார்கள், நான் என் கையைப் பார்த்துப் பயந்தேன். சண்டைக்காலம், இடமாற்றங்கள், அகதி முகாம் என்று முப்பது வருடம் ஓடியது. அந்தக் கதைகளை எழுதப் பலபேர் இருக்கிறார்கள். நான் கடைசியாக வேலை செய்த கரையோரச் சின்ன ஆஸ்பத்திரியைப் பற்றி மட்டும் எழுதுகிறேன். அதன் பெயர் வேண்டாம்.

அங்கே எங்களுக்குப் பொறுப்பாக இருந்த டொக்டர் கண்டிப் பக்கத்துச் சிங்களவர். தமிழை எங்கள் கரையில் வந்துதான் படித்தார். அதட்டத் தெரியாத மனிதர். நாங்கள் பிழை விட்டால் பேனையின் மூடியைக் கழற்றுவார், பூட்டுவார், மறுபடி கழற்றுவார். அந்தச் சின்னச் சத்தத்துக்கு நான் பயந்ததுபோல வேறு எந்தத் திட்டுக்கும் பயந்ததில்லை.

வேலை மாறும் நேரமெல்லாம் அவசரத் தட்டைத் திறந்து பார்க்கவேண்டும் என்பது அவருடைய சட்டம். அட்ரினலின் இரண்டு குப்பி, அதற்கு அளவான ஊசிகள், சேலைன், ஒக்சிஜன் முகமூடி. எண்ணினால் போதாது, குப்பியைத் தூக்கி வெளிச்சத்தில் பிடித்து முடிவுத் திகதியை வாய்விட்டு வாசிக்கவேண்டும். நான் வாசித்து வைத்துவிட்டு இரண்டடி போய், மறுபடி வந்து வாசிப்பேன். சிரிப்பார்கள். டொக்டர் சிரிக்கவில்லை. "மிஸியின் பயம் நல்ல பயம். அது இருக்கட்டும்" என்று ஒருநாள் சொன்னார். வாழ்நாளில் எனக்குக் கிடைத்த பெரிய பட்டம் அது.

இன்னொரு சட்டம் சாப்பாட்டுக் கதை. உடம்பெல்லாம் தடித்து வீங்கி ஒருவர் வந்தால், ஆபத்து நீங்கியதும் அவர் கண் விழித்ததிலிருந்து வாயில் போட்ட ஒவ்வொன்றையும் கேட்டு எழுதவேண்டும். அதை டொக்டர் "சாப்பாட்டுக் கதை" என்பார். "இது சாப்பிட்டீங்களா, அது சாப்பிட்டீங்களா எண்டு கேக்க வேணாம் மிஸி. இல்லை எண்டு சொல்லுவாங்க. என்ன சாப்பிட்டீங்க எண்டு கேளுங்க. சொன்ன சொல்லை அப்பிடியே எழுதுங்க. நீங்க சுருக்க வேணாம்."

அந்தச் சட்டத்தின் அருமை எனக்கு ஒரு மீனில் விளங்கியது. ஒருநாள் ஒரே வீட்டிலிருந்து நான்கு பேர் முகம் சிவந்து, உடம்பெல்லாம் அரித்து, தலையிடி என்று வந்தார்கள். நான் அட்ரினலின் குப்பியைக் கையில் எடுத்துவிட்டேன். டொக்டர் ஒரே ஒரு கேள்வி கேட்டார். "ஒரு சட்டியில எத்தனை பேர்?" நான்கு பேரும் ஒரே சூரைக் குழம்பு. வெயிலில் கிடந்து பழுதான மீன், அதுதான் நஞ்சு. ஒரு சட்டியில் பத்துப் பேர் சாப்பிட்டு ஒருவருக்கு மட்டும் வந்தால் பிழை சட்டியில் இல்லை, அந்த உடம்புக்கு அது ஆகாது. வெளியே பார்க்க இரண்டும் ஒன்றுபோலத்தான் இருக்கும். குளிசையோடு அந்த நால்வரும் பின்னேரமே வீடு போனார்கள். வெளித்தோற்றத்தை நம்பக்கூடாது என்று அன்று படித்துக்கொண்டேன் என்றுதான் நினைத்திருந்தேன்.

இனிப் பழக் கேஸ். பிள்ளை பிழைத்துவிட்டாள் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வாசிப்பவர்களைத் தவிக்கவிட எனக்கு மனமில்லை, அந்தத் தவிப்பு எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும்.

நான் ஓய்வு பெறுவதற்கு நான்கு வருடம் இருந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை, பகல் ஒன்றரை மணி இருக்கும். ஓட்டோ வந்து நின்ற வேகத்திலேயே எனக்கு விளங்கிவிட்டது. அன்ரன் என்ற மனிதர் மகளைத் தூக்கிக்கொண்டு ஓடிவந்தார். ஒன்பது வயதுப் பிள்ளை. வெள்ளைக் கவுண், தலையில் வெள்ளைப் பூமுடி, ஒரு பக்கம் கழன்று தொங்கியது. அன்று காலைதான் மாதா கோயிலில் முதல் தடவையாக நற்கருணை அப்பம், முதல் நன்மை, வாங்கியிருக்கிறாள். உதடும் கண்ணிமையும் வீங்கி, கழுத்தெல்லாம் தடித்து, மூச்சு விசில் போல வந்தது.

"மிஸி, கதைக்கேலாமல் இருக்கு. மிஷேல் எண்டு கூப்பிட்டா முழிக்கிறா, சத்தம் வருதில்லை" என்றார் அன்ரன்.

டொக்டர் விடுதியிலிருந்து வீட்டுச் செருப்போடு வந்தார். பிள்ளையைப் படுக்கவைத்துக் காலை உயர்த்தினோம். "அட்ரினலின், சைபர் தசம் மூன்று, தொடையின் வெளிப்பக்கம்" என்று நான் திருப்பிச் சொன்ன பிறகுதான் தலையாட்டினார். ஊசி போட்டு ஒக்சிஜனையும் வைத்து, கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன். ஏழாவது நிமிடத்தில் விசில் குறைந்தது. பத்தாவது நிமிடத்தில் பிள்ளை கண்ணைத் திறந்து தாயைத் தேடினாள்.

"அம்மா, என்ர கவுண் ஊத்தையாப் போச்சோ?" என்று கேட்டாள். தாய் நிர்மலா அப்போதுதான் அழத் தொடங்கினாள்.

அவர்கள் பிரான்சில் இருப்பவர்கள். முதல் நன்மையை அன்ரன் பிறந்த ஊர்க் கோயிலில் கொடுக்கவேண்டும் என்று வந்திருக்கிறார்கள். நிர்மலாவின் கைப்பையில் ஒரு அட்டை இருந்தது. மிஷேலுக்குப் பீச் பழம் ஆகாது என்று அங்கத்தைய வைத்தியர் எழுதிக் கொடுத்தது. டொக்டர் அட்டையைப் பார்த்துவிட்டு, "மிஸி, சாப்பாட்டுக் கதை எடுங்க. ஒண்டு ஒண்டா" என்று சொல்லிவிட்டுப் பிரசவ அறைக்கு ஓடினார்.

அட்டையைக் கையில் வைத்துக்கொண்டு, கேட்கக்கூடாது என்று எனக்குப் படிப்பித்த அதே கேள்வியை முதலில் கேட்டேன்.

"இண்டைக்குப் பீச் ஏதும் சாப்பிட்டவவோ?"

"இல்லை மிஸி. அதை நாங்கள் வீட்டுக்குள்ளையே எடுக்கிறேல்லை."

பிறகு ஒழுங்காகக் கேட்டேன். நன்மை வாங்கும்வரை வெறும் வயிறு. வீட்டுக்கு வந்ததும் கேக். மச்சான் மச்சாள்மாரோடு வெயிலில் ஓடி விளையாட்டு. நண்டுக் கறியோடு சோறு. பழம்.

"என்ன பழம்?"

"திராட்சை, அப்பிள். பிறகு ஒரு நெக்டரின். மச்சாள் கொழும்பில இருந்து வாங்கிக்கொண்டு வந்தவ."

நெக்டரின் என்ற பெயரை நான் அன்றுதான் முதல் தடவை கேட்டேன். முப்பது வருடச் சேவை, வெள்ளைத் தொப்பி, மேசையில் என் பெயர்ப் பலகை. பாரிஸிலிருந்து வந்தவளிடம் அது என்ன என்று கேட்க எனக்கு வெட்கமாக இருந்தது. தெரிந்தவள் போல, "அதுவும் பீச் மாதிரித்தானே?" என்றேன்.

"சீச்சீ. பீச்சுக்கு மேலெல்லாம் சுணை மிஸி. அந்தச் சுணைதான் இவவுக்குக் கடிக்கிறது. இது அப்பிள் மாதிரி வழுவழுப்பு. பீச்சையும் ப்ளம்ஸையும் ஒட்டின சாதி எண்டு சொல்லுறவை. முந்தியும் ரெண்டு மூண்டு தரம் சாப்பிட்டிருக்கிறா, உதடு கொஞ்சம் கடிச்சது, அவ்வளவுதான்."

உதடு கடித்தது என்று அவள் சொன்னது என் காதில் விழுந்தது. ஆனால் சுணை என்ற சொல்லோடு என் மனம் ஆறிவிட்டது. கட்டுக்கரைக் குளத்துத் தண்ணீரில் வயல் செய்த வீட்டில் பிறந்தவள் நான். நெல் சூடடிக்கும் நாட்களில் வைக்கோல் சுணை பட்டு உடம்பெல்லாம் தடிக்கும், குளித்தால் போய்விடும். சுணை இருந்தால் கடிக்கும், இல்லாவிட்டால் கடிக்காது. எங்கள் பக்கத்தில் யாரைக் கேட்டாலும் இதைத்தான் சொல்வார்கள். நிர்மலாவும் எங்கள் பக்கத்துப் பிள்ளைதானே. பிரான்சில் பதினைந்து வருடம் இருந்தும் அவள் பீச்சின் தோலைத் தடவியபோது நினைத்தது எங்கள் வைக்கோலைத்தான். இருவரும் ஒரே பிழையைச் சேர்ந்து செய்தோம்.

தலைமாட்டில் தொங்கும் கட்டில் துண்டில், நோயாளியின் விபரம் எழுதும் தாளில், இப்படி எழுதினேன்: கேக், சோறு, நண்டு, பழங்கள். நண்டைச் சுற்றி ஒரு வட்டம் போட்டுக் கேள்விக்குறியும் வைத்தேன்.

பின்னேரம் டொக்டர் அதை வாசித்தார். பேனை மூடி கழன்றது, பூட்டியது. "பழங்கள் எண்டா?"

"மூண்டு வகை டொக்டர். பீச் இல்லை. நான் கேட்டனான்."

"நாளைக்குத் திரும்பக் கேளுங்க. பெயரோட எழுதுங்க. கடல் சாப்பாடு ஒண்டும் குடுக்க வேணாம். நாளைக்கு மத்தியானம் வரைக்கும் பிள்ளை இங்க இருக்கட்டும், இது திரும்பி வரக்கூடிய வருத்தம்" என்றார்.

அடுத்தநாள் காலை ஏழு மணிக்கு வேலைக்கு வந்தேன். அவசரத் தட்டைத் திறந்து வாசித்து, திரும்பி வந்தும் வாசித்தேன். பெயரோடு எழுதவேண்டும் என்பது ஞாபகம் இருந்தது. மருந்துச் சுற்று முடியட்டும் என்று ஒத்திவைத்தேன். மிஷேல் எழுந்து உட்கார்ந்து, ஆஸ்பத்திரிப் பாணையும் பருப்பையும் தொடமாட்டேன் என்று பிடிவாதம் பிடித்துக்கொண்டிருந்தாள். நிர்மலா குளிக்கப் போயிருந்தாள்.

அப்போதுதான் பிலோமினா வந்தாள். அன்ரனின் தங்கை, பிள்ளைக்கு மாமி. வெளியிலிருந்து வரும் சாப்பாட்டை வார்டு வாசலில் எனக்குத் திறந்து காட்டவேண்டும், நான் தலையாட்டினால்தான் உள்ளே போகும். அவள் சட்டத்தை மீறவில்லை. கூடையைத் திறந்து காட்டினாள். சுடுதண்ணீர்ப் போத்தல், சின்னக் கத்தி, கடதாசியில் சுற்றிய இரண்டு பழம்.

"நண்டு, றால் ஒண்டும் இல்லை மிஸி. பழம் மட்டும்தான்."

"என்ன பழம்?"

"நேற்று மிஞ்சின நெக்டரின். பிள்ளை ஒண்டும் சாப்பிடுறாவில்லை எண்டு அண்ணன் சொன்னவர். இது அவவுக்கு விருப்பம். குடுக்கலாமோ?"

நான் ஒன்றைக் கையில் எடுத்தேன். எனக்குச் சந்தேகம் வந்தது, அதை இன்று மறைக்கமாட்டேன். விரலால் தடவிப் பார்த்தேன். வழுவழுப்பு, ஒரு சுணை இல்லை. முகர்ந்து பார்த்தேன், நல்ல வாசம். அடுத்த அறையில் டொக்டர் இருந்தார், பத்து அடி நடந்து கேட்டிருக்கலாம். மருந்து வண்டிக்கு முன்னால் ஆறு பேர் காத்துக்கொண்டிருந்தார்கள்.

"சரி, குடுங்கோ. கொஞ்சமாக் குடுங்கோ" என்று தலையாட்டினேன்.

கொஞ்சமாக என்று சொன்னதை இப்போதும் நினைத்துக்கொள்வேன். பயந்தவர்கள் முடிவெடுக்கும்போது இப்படித்தான் ஒரு சொல்லைச் சேர்த்துக்கொள்வார்கள். அதனால் யாருக்கும் ஒரு பிரயோசனமும் இல்லை.

நாலாவது நோயாளிக்கு மருந்து கொடுத்துக்கொண்டிருந்தபோது கருப்பையா வந்து நின்றார். எங்கள் வார்டுச் சிற்றூழியர். மலைநாட்டுத் தோட்டத்திலிருந்து சிறுவயதில் குடும்பத்தோடு இறங்கி வெள்ளாங்குளத்தில் குடியேறியவர். அதிகம் பேசமாட்டார். கட்டில்களுக்குக் கீழே குப்பை வாளி எடுக்கப் போனவர் ஒரு கடதாசித் துண்டில் எதையோ ஏந்திக்கொண்டு வந்தார்.

"மிஸி, நம்ம வார்டுல யாரு பீச்சஸ் சாப்புட்டது?"

"ஒருதரும் சாப்பிடேல்லை."

"இது பீச்சஸ் கொட்டைங்க." கடதாசியை நீட்டினார். கபில நிறக் கொட்டை, மேலெல்லாம் ஆழமான சுருக்கம், இன்னும் ஈரம்.

"அது நெக்டரின் எண்ட வேற பழம் கருப்பையா. அதுக்குச் சுணை இல்லை."

"சுணை இல்லாட்டி என்னாங்க? எங்கப்பா தொரை பங்களாவுல தோட்ட வேலை. அங்க பீச்சஸ் மரம் ஒண்ணு நின்னுச்சு. எல்லாக் கொப்புலயும் சுணைப் பழம், ஒரே ஒரு கொப்புல மட்டும் மொட்டைப் பழம். யாரும் ஒட்டுப் போடல, அதுவாக் காய்ச்சது. அதே எலை, அதே பூ, அதே கொட்டை. ரெண்டும் ஒரே மரந்தாங்க."

வண்டியை விட்டுவிட்டு ஓடினேன். முப்பது வருடத்தில் வார்டுக்குள் நான் ஓடியது அன்று ஒருநாள்தான்.

மிஷேல் இரண்டு உள்ளங்கையையும் கவுணில் தேய்த்துக்கொண்டிருந்தாள். "மாமி, தொண்டைக்குள்ள ஏதோ நிக்குது" என்று சொன்னாள். ஒரு பழம் முழுதாக முடிந்திருந்தது, தோலோடு. நான் அவளைப் படுக்கவைக்கும்போதே முகம் வெளிறி, கை குளிர்ந்து, நாடி என் விரலுக்குக் கீழே நூலாக ஓடியது. முதல்நாளை விட மோசம். டொக்டர் ஓடிவந்தார். முதல் ஊசி. ஐந்து நிமிடம். மாற்றமில்லை. இரண்டாவது ஊசி. தட்டில் இருந்த இரண்டு குப்பியும் முடிந்துவிட்டது, களஞ்சியத்துக்குக் கருப்பையா ஓடினார். சேலைன் இறங்கிக்கொண்டிருந்தது. மாதாவே, என் உயிரை எடுத்துக்கொள் என்று நான் மன்றாடினேன். உரக்கச் சொன்னேனா மனதுக்குள் சொன்னேனா என்று தெரியவில்லை.

மூன்றாவது குப்பி வருவதற்குள் நாடி திரும்பி வந்தது. டொக்டர் நெற்றியைத் துடைத்துக்கொண்டு, "யாரு பழம் குடுத்தது?" என்று கேட்டார்.

"நான் மிஸியிட்டைக்…" என்று பிலோமினா தொடங்கினாள்.

"மாமி கொண்டுவந்து குடுத்தவ டொக்டர்" என்று நான் சொன்னேன்.

அதில் ஒரு சொல்லும் பொய் இல்லை. பிலோமினா என்னைப் பார்த்தாள். நான் குனிந்து சேலைன் துளிகளை எண்ணினேன். அவள் வாயை மூடிக்கொண்டாள். வாசலில் நின்ற அன்ரன் உள்ளே வந்தார். தங்கையின் பக்கம் திரும்பி, "என்ர பிள்ளையைக் கொல்லவே வந்தனி?" என்று கேட்டார். சத்தம் போடவில்லை. நிர்மலாவும் அங்கேதான் நின்றாள், அந்தப் பழம் ஆகும் என்று சொன்னவள் தானும்தான் என்று அவளும் சொல்லவில்லை. எல்லாருக்கும் ஒரு ஆள் தேவைப்பட்டது, ஒரு ஆள் அங்கே நின்றாள்.

அம்புலன்ஸில் பிள்ளையைப் பெரிய ஆஸ்பத்திரிக்கு அனுப்பிய பிறகு டொக்டர் கட்டில் துண்டை எடுத்து என் முன்னால் வைத்தார். பழங்கள் என்ற சொல்லுக்குக் கீழே விரலை வைத்து, தன் பேனையை நீட்டினார். நான் மூன்று பெயரையும் எழுதினேன்.

"பெயர் எழுதியிருந்தா எனக்குத் தெரிஞ்சிருக்கும் மிஸி" என்றார்.

பிறகு கதிரையில் உட்கார்ந்து விளக்கினார். கருப்பையா சொன்னது முழுக்கச் சரி. இரண்டும் ஒரே இனம். ப்ளம்ஸோடு ஒட்டியது என்பது வெறும் கதை. பீச் கொட்டையை விதைத்தால் சிலவேளை மொட்டைப் பழ மரம் முளைக்கும், மறுபக்கமும் நடக்கும். நெக்டரின் கொஞ்சம் சிறியது, சதை இறுக்கம், வாசமும் புளிப்பும் ஒருபடி கூட. அவ்வளவுதான் வித்தியாசம். ஆகாத உடம்புக்கு இரண்டும் ஒன்றே. அதிலும், சுணைக்குப் பயந்து பீச்சைத் தோல் சீவித் தின்பவர்கள் இதைத் தோலோடு கடிக்கிறார்கள், ஆகாத சாமான் தோலில்தான் அதிகம் என்றார். முதல்நாள் வெறும் வயிற்றையும் வெயில் ஓட்டத்தையும் கூடக் கணக்கில் எடுக்கவேண்டும் என்றார். பேனை மூடியை அவர் தொடவே இல்லை. என் பிழை அந்த ஒரு சொல்தான் என்று அவர் நம்பினார். வாசலில் தலையாட்டியதை நான் அவரிடமும் சொல்லவில்லை.

மிஷேல் மூன்றாம் நாள் வீடு போனாள். பிரான்சுக்குத் திரும்பும் முன்னர் அன்ரன் வந்து என் கையைப் பிடித்து நன்றி சொன்னார். அன்ரனுக்கும் தங்கைக்கும் பேச்சுவார்த்தை இல்லை என்று பிறகு கோயிலில் கேள்விப்பட்டேன். பிலோமினாவைக் கண்டால் நான் வேறு வாங்கில் போய் உட்காருவேன். என் பிரியாவிடைக் கூட்டத்தில் ஒருவர் எழுந்து, ஒரு வெளிநாட்டுப் பிள்ளையின் உயிரை இரண்டு தடவை காப்பாற்றிய மிஸி என்று பேசினார். எல்லாரும் கைதட்டினார்கள். எனக்கு மாலை போட்டார்கள். அதற்குப் பிறகு நான் காஸைப் பார்க்க மூன்று தடவை திரும்பி வரத் தொடங்கினேன்.

தர்ஷினிக்காக எழுதத் தொடங்கியபோது, "உறவினர் ஒருவர் வார்டுக்குத் தெரிவிக்காமல் கொடுத்த பழத்தினால்" என்று என் கை தானாக எழுதிக்கொண்டு போனது. அந்தத் திங்கட்கிழமை நான் டொக்டரிடம் சொன்னது அரைவாசி உண்மை. இது முழுப் பொய். இதைப் பயிற்சிப் பிள்ளைகள் வரிசையாக உட்கார்ந்து கேட்கப்போகிறார்கள் என்று நினைத்தேன். கிழித்தேன். சேலையை மாற்றிக்கொண்டு உப்புக்குளத்துக்குப் போனேன். அன்று காஸைப் பார்க்கத் திரும்பவில்லை.

பிலோமினா அங்கே ஒரு வாடகை வீட்டில் தையல் மெசினோடு இருக்கிறாள். என்னைக் கண்டதும் கதிரையை இழுத்துப் போட்டாள். நான் உட்காரவில்லை. உட்கார்ந்தால் வேறு கதை கதைத்துவிடுவேன் என்று பயம்.

"பிலோமினா, அண்டைக்கு நீங்கள் பழத்தை எனக்குக் காட்டித்தான் கொண்டுபோனீங்கள். குடுக்கலாம் எண்டு தலையாட்டினது நான்."

"ஓம் மிஸி" என்றாள். மெசினிலிருந்த துணியை மடித்தாள். "அது எனக்குத் தெரியும்தானே."

"ஏன் நீங்கள் ஒருதரிட்டையும் சொல்லேல்லை?"

"சொன்னனான். அண்ணனுக்கு ரெண்டு தரம் சொன்னனான். பிள்ளையின்ர உயிரைக் காப்பாத்தின மிஸியின்ர தலையில பழியைப் போடுறியோ, நீயும் ஒரு மனுசியோ எண்டு கேட்டவர். அதோட என்ர போனை எடுக்கிறதை விட்டிட்டார். பழம் குடுத்ததுக்கு அவர் ஒரு வருசத்தில மன்னிச்சிருப்பார் மிஸி. பொய் சொன்னதுக்குத்தான் இவ்வளவு காலம்."

எனக்கு அழுகை வந்தது. அழுவதற்கு எனக்கு அங்கே உரிமை இல்லை என்று அடக்கிக்கொண்டேன். அன்ரனின் இலக்கத்தைக் கேட்டேன். அவள் பார்க்காமலே சொன்னாள். என் தொலைபேசியில் அழுத்தினேன்.

நாலாவது மணியில் எடுத்தார். நான் யார் என்று சொன்னதும் குரல் மலர்ந்தது. மிஷேல் பல்கலைக்கழகம் போகிறாள், இரண்டு பழத்தையும் தொடுவதில்லை, ஊசியைக் கைப்பையிலேயே கொண்டு திரிகிறாள் என்று அடுக்கிக்கொண்டே போனார். நான் இடையில் மறித்தேன். காலை, வார்டு வாசல், கூடை, இரண்டு பழம், அவள் கேட்டது, நான் தடவிப் பார்த்தது, தலையாட்டியது, டொக்டருக்குச் சொன்ன பதில், அவள் தொடங்கிய பேச்சை நான் வெட்டியது, எல்லாவற்றையும் சொன்னேன். ஒன்றையும் சுருக்கவில்லை.

துண்டித்துவிட்டார் என்று நினைத்துத் திரையைப் பார்த்தேன். விநாடிகள் ஓடிக்கொண்டிருந்தன.

"மிஸி" என்றார் கடைசியில். "பிலோ பக்கத்தில நிக்கிறாளோ?"

நிற்கிறாள் என்று சொல்லித் தொலைபேசியை அவளிடம் கொடுத்தேன்.